பெரியம்மா கேட்ட கேள்வி



இரண்டு மாதங்களுக்கு முன் வவுனியாவிலிருந்து ஒரு சகோதரி எழுதியிருந்தார். அவருடைய தாயாருக்கு 68 வயது. புற்றுநோய் ஈரல்வரை பரவிவிட்டதென்றும், இனி வலியைத் தணிக்கும் வைத்தியம் மாத்திரமே செய்யலாம் என்றும் வைத்தியர் பிள்ளைகளிடம் சொல்லிவிட்டார். தாயாரிடம் எவரும் சொல்லவில்லை. சொன்னால் அம்மா அந்த இடத்திலேயே ஒடிந்துபோவார் என்பது தம்பிமாரின் கட்சி. அம்மாவைக் குளிப்பாட்டி, உடுப்பு மாற்றி, இரவில் பக்கத்தில் படுப்பது இந்தச் சகோதரிதான். முகத்தைப் பார்த்துப் பொய் சொல்ல ஏலாமல் இருக்கிறது என்கிறார். அம்மா இப்போது தன்னோடு முன்போலக் கதைப்பதில்லை என்று கடைசியில் ஒரு வரி. அந்த வரிதான் எனக்குத் தைத்தது.

எங்கள் பெரியம்மாவுக்கு 2010ஆம் ஆண்டில் சூலகத்தில் புற்றுநோய் கண்டார்கள். தெல்லிப்பழையில் இன்றைய புற்றுநோய் வைத்தியசாலை எழும்பாத காலம் அது. (தெய்வேந்திரமுனையிலிருந்து பருத்தித்துறை வரை 2011இல் மக்கள் நடந்து திரட்டிய பணத்தில் எழும்பியது அது.) ஆகவே பஸ் ஏறி மகரகமவுக்குப் போய்வந்தோம். மகரகம என்றால் என்ன ஆஸ்பத்திரி என்று இந்த நாட்டில் யாருக்குத்தான் தெரியாது? இருந்தும் பெரியம்மாவுக்குக் குடற்புண் என்றே நாங்கள் எல்லோரும் சொன்னோம். அயலட்டைக்கும் அதையே சொல்லி வைத்தோம்.

ஒருநாள் இரவு, தலையணையில் கிடந்த மயிரைக் கையால் கூட்டி எடுத்தபடி பெரியம்மா என்னைக் கேட்டார்: "குடற்புண்ணுக்கு மயிர் கொட்டுமோ பிள்ளை?"

நான் என்ன செய்தேன் தெரியுமா? தேத்தண்ணி போடப்போவதாகச் சொல்லி அடுப்படிக்குள் எழும்பிப் போனேன். திரும்பி வந்தபோது அவர் கண்ணை மூடிக்கொண்டிருந்தார். நித்திரை இல்லையென்று எனக்குத் தெரியும். அதற்குப் பிறகு அவர் என்னிடம் ஒன்றுமே கேட்கவில்லை.

பெரியம்மாவுக்கும் அவருடைய தங்கைக்கும் கிணற்றுப் பங்கால் வந்த கோபம். பதினொரு வருடமாகப் பேச்சில்லை, நன்மை தீமைக்குப் போவதில்லை. "நான் போன பிறகு அவள்..." என்று பெரியம்மா தொடங்கிய போதெல்லாம், "உப்பிடிக் கதையாதேங்கோ, உங்களுக்கு ஒண்டுமில்லை" என்று வாயை அடைத்தோம். அன்பினால்தான் அடைத்தோம். அந்தத் தங்கை வந்தார், செத்தவீட்டுக்கு. அவர் தலையிலடித்துச் சொன்ன ஒப்பாரியில் ஒரு பாதியையாவது பெரியம்மா உயிரோடு கேட்டிருக்கலாம்.

சாவைப் பற்றி எங்கள் சமூகத்துக்குத் தெரியாதென்று சொல்ல முடியாது. கோயிலிலும் தேவாலயத்திலும் நிலையாமையைப் பற்றிக் கேட்டுக் கேட்டே வளர்ந்தோம். காடாத்து, எட்டு, அந்தியேட்டி என்று இறந்தபின் செய்வதற்கெல்லாம் ஒழுங்கு வைத்திருக்கிறோம். சாகப்போகிறவர் உயிரோடிருக்கும் அந்த மூன்று மாதத்துக்குத்தான் ஒரு ஒழுங்கும் இல்லை.

இங்கிலாந்தில் சிசிலி சாண்டர்ஸ் என்றொரு பெண்மணி இருந்தார். முதலில் தாதி, பின்னர் ஆஸ்பத்திரிச் சமூகசேவகி, அதன்பின் படித்து வைத்தியரானவர். 1948இல் இலண்டன் ஆஸ்பத்திரி ஒன்றில், போலந்திலிருந்து வந்த யூதர் ஒருவர் உற்றார் உறவின்றிப் புற்றுநோயால் இறந்துகொண்டிருந்தார். தன் வாழ்க்கை எந்தத் தடமும் வைக்காமல் முடிகிறதே என்பது அவருடைய துயரம். சிசிலி அவரருகில் இருந்து நாட்கணக்கில் கதைத்தார். இப்படிப்பட்டவர்களுக்கென ஒரு இல்லம் வேண்டுமென்று இருவரும் பேசிக்கொண்டார்கள். அவர் இறக்கும்போது, அந்த இல்லத்தில் தான் ஒரு ஜன்னலாக இருக்கவேண்டுமென்று 500 பவுண் விட்டுச்சென்றார். 19 வருடங்கள் கழித்து, 1967இல், புனித கிறிஸ்தோபர் இல்லம் திறக்கப்பட்டது. அந்த ஜன்னலும் வைக்கப்பட்டது. சாகிறவரின் வலி உடம்பின் வலி மாத்திரமல்ல, மனதின் வலியும் குடும்பக் கவலையும் ஆன்மாவின் தவிப்பும் சேர்ந்ததே முழு வலி என்று உலகத்துக்குச் சொன்னவர் சிசிலி.

2019இல் என் தாயாரின் இருதயம் பலவீனப்பட்டு, அதிக நாள் இல்லை என்றானபோது, நாங்கள் பக்கத்தில் இருக்க வைத்தியரையே சொல்லச் சொன்னோம். அம்மா இரண்டு நாள் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தார். நாங்கள் பிழை செய்துவிட்டோமோ என்று நானும் தங்கையும் அழுதோம். மூன்றாம் நாள் காலை எழும்பி இருந்து, "சீட்டுக்காசு ஆரிட்டைக் கிடக்கு?" என்று கேட்டார். பிறகு காணி உறுதி. பிறகு சேலைகள். செத்தபிறகு பங்கு போடவேண்டாமென்று தானே எடுத்துக் கொடுத்தார். கொடுத்ததை உடுத்திக்கொண்டு வந்து காட்டச் சொன்னார். கல்வெட்டில் பொய்யாகப் புகழ்ந்து எழுதவேண்டாம், எழுதினால் வந்து பிடிப்பேன் என்றதும் அழுதுகொண்டிருந்த நாங்கள் சிரித்துவிட்டோம்.

ஏற்றுக்கொண்டுவிட்டார் என்று நினைத்திருந்தோம். ஒரு கிழமையால், "நான் ஆருக்கு என்ன பாவம் செய்தனான்?" என்று குளிசைக் கோப்பையைத் தூக்கி எறிந்தார். எலிசபெத் கூப்லர்-ரோஸ் என்ற மனநல வைத்தியர் 1969இல் எழுதிய நூலில், மரணத்தை எதிர்கொள்பவர் மறுப்பு, கோபம், பேரம், மனச்சோர்வு என்று கடந்து ஏற்புக்கு வருவதாகச் சொன்னார். அதைச் சிலர் பள்ளிக்கூட வகுப்பேற்றம் போல எடுத்துக்கொள்கிறார்கள். எங்கள் வீட்டில் அப்படி நடக்கவில்லை. ஒரே நாளில் காலையில் ஏற்பு, மத்தியானம் கோபம், பின்னேரம் பேரப்பிள்ளையோடு தாயம். கோபம் வந்தபோதும் எங்களோடுதான் கோபித்தார். தனியே சுவரோடு அல்ல.

வவுனியாச் சகோதரிக்கு நான் உடனே எழுதிய பதிலில் இரண்டொரு காரியங்களைச் சொன்னேன். போய் இருந்து எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டவேண்டாம். முதலில், அம்மா தனக்கு என்னவென்று நினைக்கிறார் என்று கேளுங்கள். அறிய விருப்பமில்லை என்றால் அதையும் மதியுங்கள். சொல்வதும் பறிப்பதாகிவிடக் கூடாது. வலி இருந்தால் எந்தப் பேச்சும் நடக்காது, ஆகவே அதை முதலில் பாருங்கள். மோர்பின் தருவதென்றால் பயப்படவேண்டாம். வைத்தியர் சொன்ன அளவில் கொடுத்தால் அது ஆயுளைக் குறைக்காது. மலச்சிக்கல் வரும், அதற்கும் மருந்தைத் தொடக்கத்திலேயே கேட்டு வாங்குங்கள். கடைசி நாட்களில் சாப்பாடு குறைவது உடம்பின் இயல்பு. வாயில் திணிக்காமல் உதட்டை நனைத்துக்கொண்டிருந்தால் போதும்.

சென்ற கிழமை அவருடைய இரண்டாவது கடிதம் வந்தது. அம்மாவிடம் கேட்டாராம். அம்மா அவருடைய கையைப் பிடித்துக்கொண்டு, "எனக்கு மாசியிலையே தெரியும் மோனை. தம்பிமாருக்குச் சொல்லிப்போடாதை, அவங்கள் தாங்கமாட்டாங்கள்" என்றாராம்.