மந்திர மைக்கும் விலை வேண்டும்

மாயக்கதைகளில் மந்திர மையால் எழுதியதெல்லாம் பலித்துவிட்டால் கதையில் என்ன மிச்சம்? 1998-இல் வந்த இரண்டாம் ஹாரி பாட்டர் நாவலின் நாட்குறிப்பு, மையை உறிஞ்சிக்கொண்டு பதில் எழுதும். கூடவே, அதில் எழுதும் சிறுமி ஜின்னியின் உயிராற்றலையும் உறிஞ்சும். ஐந்தாம் நாவலில் ஆசிரியை அம்பிரிட்ஜ் தரும் இறகுப் பேனாவுக்கு மையே வேண்டாம்; எழுதுபவரின் ரத்தம்தான் மை, தாளில் எழும் வரி புறங்கையிலும் கீறி விழும். இந்த விலைதான் நம்மை நம்பவைக்கிறது. மந்திரத்துக்கு இப்படி விதி வகுத்தால் மர்மம் செத்துவிடும் என்பார்கள். விதி தெரிந்த பிறகுதானே அடுத்த வரி எழுதக் கை நடுங்கும்! இத்தகைய கதைகளால் மூடநம்பிக்கை வளரும் என்ற அச்சமும் வீண்; வெற்றிலையில் மை தடவித் திருடனைக் காட்டுவதாகச் சொல்பவர் அதைக் கதை என்று ஒப்புக்கொள்வதில்லை, நாவலாசிரியர் அட்டையிலேயே சொல்லிவிடுகிறார். அந்த வெற்றிலை மைக்கு விதியும் விலையும் வைத்து நம் எழுத்தாளர்கள் நாவல் எழுதட்டும்.