ஒரு வண்டித் தண்ணீரும் ஒரு மனுவும்

தூத்துக்குடி மாவட்டத்தில் மழை வேண்டும் என்பவர்களும் உண்டு, வேண்டாம் என்பவர்களும் உண்டு. கடலோரத்து உப்பளத்தில் நிற்பவர், “இப்ப பெய்ஞ்சிராத சாமி” என்பார். பாத்தியில் விளைந்த உப்பு ஒரே மழையில் கரைந்துவிடும். வேலையும் நின்றுபோகும். உள்ளே கோவில்பட்டி, விளாத்திகுளம் பக்கம் போனால், கரிசல் காட்டுக்காரர் அதே வானத்தைப் பார்த்து, “ஒரு மழை பெய்யக் கூடாதா” என்று ஏங்குவார். இருவர் வீட்டிலும் காலிக் குடம் மட்டும் ஒன்றுதான்.

அந்தக் காலிக் குடத்தை மேடைக்குக் கொண்டுவந்தவர் கோமல் சுவாமிநாதன். எஸ்.வி.சகஸ்ரநாமத்தின் ‘சேவா ஸ்டேஜ்’ நாடகக் குழுவில் பயின்று, பிறகு ‘ஸ்டேஜ் ஃப்ரெண்ட்ஸ்’ என்ற சொந்தக் குழுவை நடத்தியவர். 1980-ல் அவர் மேடையேற்றிய நாடகம் ‘தண்ணீர் தண்ணீர்’. மறு ஆண்டே கே.பாலசந்தர் அதைப் படமாக்கினார். அவரும் மேடையில் வளர்ந்தவர்தான். சரிதா நாயகி, எம்.எஸ்.விஸ்வநாதன் இசை. சிறந்த தமிழ்ப் படம், சிறந்த திரைக்கதை என இரண்டு தேசிய விருதுகள் கிடைத்தன.

கதை நடப்பது அன்றைய திருநெல்வேலி மாவட்டத்தின் வறண்ட கிராமமான அத்திப்பட்டியில். (தூத்துக்குடி தனி மாவட்டமானது 1986-ல்தான்.) ஊருக்குள் வெள்ளைச்சாமி என்று ஒருவன் வருகிறான். எங்கோ தொலைவில் இருக்கும் ஊற்றிலிருந்து மாட்டு வண்டியில் தண்ணீர் கொண்டுவந்து ஊற்றுகிறான். அவன் கொலை வழக்கில் தேடப்படுகிறவன் என்பது பிறகு தெரிகிறது. ஊர் என்ன செய்யும்? சட்டத்தைப் பார்ப்பதா, தாகத்தைப் பார்ப்பதா? அவனை மறைத்துவைக்கிறார்கள். நாயகி செவந்தியின் கணவனோ போலீஸ்காரன். ஒரே வீட்டுக்குள் சட்டம் ஒரு பக்கம், குடம் ஒரு பக்கம்!

சோகக் கதைதான். ஆனாலும் பல இடங்களில் சிரிப்பு வருகிறது. கிராமத்து ஆட்களின் நையாண்டிப் பேச்சு ஒரு காரணம். அதைவிடப் பெரிய காரணம், அரசாங்க மேசை. மனு கொடுத்தால் பதில் இல்லை. ‘சரி, நாமே கால்வாய் வெட்டிக்கொள்வோம்’ என்று ஊரே மண்வெட்டியோடு கிளம்பினால், அப்போதுதான் அதிகாரிகள் வந்து நிற்கிறார்கள், ‘அனுமதி வாங்கினீர்களா’ என்று. கேட்டபோது வராத அரசாங்கம், தடுக்க மட்டும் வந்துவிடுகிறது. சிரித்துவிட்டு யோசித்தால் நெஞ்சு கனக்கும்.

இதே கதை மேடையில் ஓடியபோது வறட்சியை வசனத்தால்தான் சொல்ல முடிந்தது. சினிமாவில் வெடித்த மண்ணையும், வெயிலில் நீளும் வண்டிப்பாதையையும் கண்ணால் பார்க்கிறோம். வண்டி வரும் தூரம் புரிந்தால்தான், அந்த ஒரு குடத்தின் விலையும் புரியும்.

நிஜத்தில் தூத்துக்குடி நகரமும் இந்தத் தாகத்தை அறிந்ததுதான். முத்துக்குளிப்புக்கும் துறைமுகத்துக்கும் பெயர்பெற்ற ஊர். சுற்றிலும் கடல், குடிக்க நல்ல தண்ணீருக்குத் திண்டாட்டம். அதைத் தீர்க்கப் பாடுபட்டவர் நகரசபைத் தலைவராக இருந்த குரூஸ் பர்னாந்து. 1920-களில் வல்லநாட்டிலிருந்து தாமிரபரணித் தண்ணீரைக் குழாய் வழியே நகரத்துக்குக் கொண்டுவரும் திட்டத்தை நிறைவேற்றினார். ஊர் இன்றும் அவரை நகரத் தந்தை என்று கொண்டாடுகிறது.

அத்திப்பட்டிக்கும் தூத்துக்குடிக்கும் உள்ள வித்தியாசம் இங்கேதான். இரண்டு ஊருக்கும் தாகம் இருந்தது. இரண்டு ஊரிலும் உழைக்க ஆள் இருந்தது. ஆனால் ஓர் ஊரின் தாகம், கையெழுத்துப் போடும் நாற்காலியில் இருந்தவருக்குப் புரிந்தது. இன்னோர் ஊரின் தாகம் மனுவாகவே நின்றுவிட்டது. தண்ணீர்ப் பஞ்சத்தை மழை மட்டும் தீர்மானிப்பதில்லை, மேசைக்கு அந்தப் பக்கம் யார் இருக்கிறார் என்பதும் தீர்மானிக்கிறது. படம் சொல்வது அதைத்தான்.

40 வருடங்கள் தாண்டியும் அந்தக் கேள்வி பழசாகவில்லை. ஸ்ரீவைகுண்டம் அணைக்கட்டுத் தண்ணீர் வயலுக்கா, வீட்டுக்கா, ஆலைக்கா என்ற வழக்கு அந்த மாவட்டத்தில் திரும்பத் திரும்ப எழுகிறது.

படத்தின் முடிவை இங்கே சொல்லப்போவதில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டுப் பிள்ளைகளையும் உட்காரவைத்துப் பாருங்கள். குழாயைத் திறந்தால் தண்ணீர் வரும் என்று மட்டுமே தெரிந்த பிள்ளைகள், படம் முடிந்ததும் நிச்சயம் ஏதாவது கேட்பார்கள். உங்கள் தெருவுக்குத் தண்ணீர் எந்த ஆற்றிலிருந்து வருகிறது என்பதையாவது முன்கூட்டியே தெரிந்துவைத்துக்கொள்ளுங்கள்.