டூர் கமிட்டிக்கு ஒரு வார்த்தை: இந்த வருடம் சைக்கிளில் போவோம்

ஒவ்வொரு வருடமும் நம் நோட்டீஸ் போர்டில் ஒரு தாள் ஒட்டப்படும். 'கல்விச் சுற்றுலா, ஊட்டி - மைசூர், மூன்று நாட்கள்' என்று. கீழே பெயர் எழுதுகிறவர்கள் எழுதுவார்கள். எழுதாதவர்களை யாரும் கேட்பதில்லை. பஸ் கிளம்புகிற அன்று பார்த்தால் வகுப்பில் மூன்றில் ஒரு பங்கு ஆள் இருக்காது. மறுநாள் கேட்டால், "பஸ்ல போனா எனக்கு வாந்தி வரும்டா", "வீட்ல விசேஷம்", "காய்ச்சல்" என்று ஏதாவது ஒரு பதில்.

நானும் முதல் இரண்டு வருடம் காய்ச்சல் என்றுதான் சொன்னேன். எங்கள் வீட்டில் சம்பளம் வருவது சனிக்கிழமை சாயங்காலம். அது அடுத்த சனிக்கிழமை வரைக்கும் ஓடணும். அதில் ஊட்டிக்கு இடமில்லை. இதை நண்பர்களிடம் சொல்ல வாய் வரவில்லை, அவ்வளவுதான். காய்ச்சல் என்று சொன்ன மற்றவர்களில் எத்தனை பேருக்கு இதே காய்ச்சல் என்று மூன்றாம் வருடம்தான் எனக்குத் தெரிந்தது. அது தெரிந்த கதையைச் சொல்லி, டூர் கமிட்டியிடம் ஒரு விஷயம் கேட்கத்தான் இந்தக் கட்டுரை.

போன தை மாதம், இரண்டாம் சனிக்கிழமை. கல்லூரி விடுமுறை. நாங்கள் 22 பேர், அதில் மாணவிகள் 7 பேர், சிவகாசியிலிருந்து மேற்கே மலையடிவாரம் செண்பகத்தோப்பு வரைக்கும் சைக்கிளில் போய்த் திரும்பினோம். போக வர 60 கிலோமீட்டருக்குப் பக்கம். முக்கால்வாசி சைக்கிள்கள் பிளஸ் ஒன் படிக்கும்போது அரசாங்கம் கொடுத்தது. மீதி வீட்டில் அப்பா, தாத்தா ஓட்டியது. கியர் வைத்த சைக்கிள் ஒன்றே ஒன்று. அதுதான் முதலில் செயின் கழன்றது!

வழிகாட்டியாக வந்தவர் எங்கள் ஊர்ப் பக்கம் சைக்கிள் கடை வைத்திருக்கும் அண்ணாச்சி ஒருவர். பஞ்சர் ஒட்ட ஒரு ஆள் வேண்டும் என்றுதான் முதலில் கூப்பிட்டோம். சின்ன வயதில் தீப்பெட்டி ஆபீஸில் கட்டை அடுக்கியவர். பிறகு பட்டாசு, பிறகு சைக்கிள் கடை. இந்தப் பக்கம் அவருக்குத் தெரியாத வண்டிப்பாதை கிடையாது. "ரூட்டு எங்கிட்ட விட்ருங்க தம்பிகளா" என்றார். விட்டோம்.

இங்கே ஒரு உண்மையைச் சொல்லியாக வேண்டும். அவர் சொன்ன ரூட்டை எதிர்த்தவன் நான். மெயின் ரோட்டை விட்டு, பட்டாசு ஆலைகளுக்கு நடுவே போகிற கிராமத்து ரோட்டைச் சொன்னார். அதில் எங்கள் ஊர் வருகிறது. "நேரா மல்லி வழியாப் போயிரலாம் அண்ணாச்சி. மலையப் பாக்கத்தான போறோம், பட்டாசு ஆலைய எதுக்குப் பாக்கணும்?" என்றேன். அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். "ஊரப் பாக்காமப் போனா அது என்ன டூரு? பஸ்லயே போலாமே" என்றார். மற்றவர்கள் கை தட்டினார்கள். எனக்கு வேறு வழியில்லை.

காலை 5.30-க்குக் கிளம்பினோம். ஆறரை மணிவாக்கில் ஆலை வேன்கள் எதிரே வர ஆரம்பித்தன. ஒவ்வொன்றிலும் தூக்குவாளியும் கையுமாகப் பெண்கள். சைக்கிள் வரிசையைப் பார்த்ததும் அவர்களுக்கு ஒரே சிரிப்பு. "எங்கய்யா போறீக ஊர்கோலமா?" என்று ஒரு வேனில் இருந்து சத்தம். அடுத்த வேனில் இருந்து என் பெயரைச் சொல்லி, "டேய்! சாப்பிட்டியாடா?" என்று ஒரு குரல். எங்கள் அம்மா.

22 பேரும் திரும்பிப் பார்த்தார்கள். வேன் போய்விட்டது. நான் பெடலைப் பார்த்துக்கொண்டே மிதித்தேன். கொஞ்ச நேரம் கழித்துப் பக்கத்தில் வந்த நண்பன் (பேர் வேண்டாம், இ.சி.இ. பிரிவு) மெதுவாகச் சொன்னான்: "எங்கம்மாவும்தான்டா. சரவெடி பின்னிக்கிட்டு இருந்தாங்க. 2018-ல கோர்ட்டு தடை போட்டப்புறம் குழாய் ஒட்டப் போறாங்க." மூன்று வருடம் ஒரே பஸ்ஸில் வந்தவன். அவனும் ஊட்டிக்கு வராதவன்தான்.

ஆலைகள் தெரியும் இடம் வந்ததும் அண்ணாச்சி எல்லோரையும் நிறுத்தினார். நம் பாலிடெக்னிக்கில் பாதுகாப்பு பற்றி எத்தனையோ வகுப்பு கேட்டிருக்கிறேன், இவ்வளவு சுருக்கமாக யாரும் சொன்னதில்லை. "செல்போனப் பைக்குள்ள போடு. குறுக்குப் பாதைன்னு ஆலை நிலத்துக்குள்ள இறங்காத. தீப்பெட்டி, பீடி, சிகரெட் எவன் பையில இருந்தாலும் இப்பவே எங்கிட்டக் கொடு. எங்கயாச்சும் புகை தெரிஞ்சா சைக்கிளத் திருப்பி மிதி. கிட்டப் போயிப் பாக்காத."

கடைசி வாக்கியத்துக்கு விளக்கம் தேவைப்படவில்லை. 2012 செப்டம்பர் 5-ஆம் தேதி முதலிப்பட்டியில் நடந்ததை இந்த வட்டாரத்தில் பிறந்த யாரும் மறக்க முடியாது. இறந்தவர்கள் 35 பேருக்கும் மேல். அதில் பலர் அங்கே வேலை செய்தவர்களே இல்லை. புகையைப் பார்த்து உதவி செய்யவும், என்ன ஏதென்று பார்க்கவும் ஓடியவர்கள்.

ரோட்டிலிருந்து பார்த்தால் ஆலை என்பது ஒரு பெரிய கட்டடம் கிடையாது. கரிசக் காட்டில் தள்ளித் தள்ளி நிற்கும் சின்னச் சின்ன அறைகள். ஒன்றில் வெடித்தால் அடுத்ததுக்குப் பரவக்கூடாது என்பதற்காக அந்த இடைவெளி. ஒரு அறையில் நாலு பேருக்கு மேல் உட்காரக்கூடாது என்பது விதி. விபத்துச் செய்தி வரும்போதெல்லாம் அந்த விதி மீறப்பட்டிருந்தது என்றும் செய்தி வரும். நம்மில் சிலர் டிப்ளமோ முடித்து இந்த ஆலைகளுக்கே சூப்பர்வைசராகவும் போர்மேனாகவும் போகப் போகிறவர்கள். அந்த அறையில் உட்காருகிற நாலு பேர் எந்த ஊரில் இருந்து, எத்தனை மணிக்கு எழுந்து வருகிறார்கள் என்று தெரிந்துகொண்டு போவது நல்லதில்லையா? ஐந்தாவது ஆளை உள்ளே உட்காரச் சொல்லும்போது கை கொஞ்சமாவது தயங்கும்.

எங்கள் ஊரில் ஒரு பாட்டி வீட்டுத் திண்ணையில் எல்லோருக்கும் கம்மங்கூழும் மோர் மிளகாயும். அண்ணாச்சி முதல் நாளே சொல்லி வைத்திருக்கிறார். காசு கொடுத்தோம், பாட்டியும் வாங்கிக்கொண்டார். வெங்காயத்தை உடைத்துப் போட்டுக்கொண்டே பாட்டி, "மழை பெய்ஞ்சிருந்தா நாங்க ஏன்யா மருந்துல கைய வைக்கிறோம்?" என்றார். சிவகாசியின் வரலாறு முழுக்க இந்த ஒரு கேள்வியில் இருக்கிறது. வானம் பார்த்த பூமி, அடிக்கிற வெயில், காற்றில் ஈரம் கிடையாது. வெள்ளாமைக்கு ஆகாத அதே வறட்சிதான் தீக்குச்சியும் மருந்தும் காய்வதற்குத் தோதாகப் போனது. 1922-ல் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா போய்த் தீப்பெட்டித் தொழில் கற்று, 1923-ல் இங்கே தொடங்கினார்கள். பட்டாசு அதற்குப் பின்னால் வந்தது. (அதே 1923-ல்தான் பம்பாயிலிருந்து பார்ஸி இளைஞர்கள் சிலர் உலகம் சுற்றுவதற்காகச் சைக்கிளில் கிளம்பினார்கள். மூன்று பேர் 1928-ல் சுற்றி முடித்துத் திரும்பி வந்தார்கள். நாங்கள் 60 கிலோமீட்டருக்கே முட்டிக்குத் தைலம் தேய்த்தோம்!)

மல்லிக்குப் பக்கம் போனதும் மேற்கே மலை நீலக்கோடாகத் தெரிய ஆரம்பித்தது. ரோடு கொஞ்சம் கொஞ்சமாக ஏறுகிறது. ஏத்தம் என்று கண்ணுக்குத் தெரியாது, தொடைக்குத் தெரியும். கருப்பு மண் போய்ச் செம்மண் வருவதும், சீமைக்கருவேலம் குறைந்து தென்னந்தோப்பு வருவதும் பஸ்ஸில் தூங்கிக்கொண்டு போனால் தெரியாத விஷயங்கள். ஸ்ரீவில்லிபுத்தூரில் ஆண்டாள் கோயில் கோபுரத்தைப் பார்த்துக் கும்பிட்டோம். பால்கோவா வாங்கினோம். இதைப் பற்றி நான் எழுதி நீங்கள் தெரிந்துகொள்ள ஒன்றுமில்லை.

அங்கிருந்து சுமார் 8 கிலோமீட்டர் செண்பகத்தோப்பு. இருபக்கமும் மாந்தோப்பு, தென்னந்தோப்பு. மலை அப்படியே எழுந்து முகத்துக்கு எதிரே நிற்கிறது. இந்தக் காடு 1988-ல் சாம்பல் நிற அணில்களுக்கான சரணாலயம் ஆனது. 2021-ல் மேகமலையோடு சேர்த்துப் புலிகள் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. அதனால் நினைத்த இடத்துக்கு உள்ளே போக முடியாது, போகவும் கூடாது. வனத்துறை செக்போஸ்ட்டோடு சைக்கிளை நிறுத்தினோம். அண்ணாச்சி தனக்குப் பழக்கமான பளியர் பெரியவர் ஒருவரை அழைத்து வந்தார். "இனிமே எனக்கு ஒண்ணும் தெரியாது, இவர் சொல்வார்" என்று அண்ணாச்சி பின்னால் போய் நின்றுகொண்டார். தனக்கு எது தெரியாது என்று தெரிந்திருப்பவர்தான் நல்ல வழிகாட்டி என்று எனக்கு அப்போது பட்டது.

பெரியவர் அதிகம் பேசவில்லை. அண்ணாந்து பார்க்கச் சொன்னார். இரண்டு மரத்தின் கிளைகள் ஒன்றோடொன்று கைகோத்த இடத்தில் கூடை மாதிரி ஒரு கூடு. இந்த அணில் தரையில் இறங்க விரும்பாதாம், கிளை வழியாகவே மரத்துக்கு மரம் போகுமாம். ஒரு மரத்தை வெட்டினால் அதற்கு ரோடு போச்சு. சிவில் பிரிவு மாணவி ஒருத்தி உடனே, "பாலத்த இடிச்ச மாதிரி" என்றாள். பெரியவர் சிரித்தார். அணில் கடைசி வரைக்கும் வரவில்லை. நீளமான ஒரு வாலை மட்டும் பார்த்ததாக இரண்டு பேர் சத்தியம் செய்கிறார்கள்.

இந்த மலையில் விழுகிற மழைதான் அர்ச்சுனா நதியாகி, ஆனைக்குட்டம் வந்து, இருக்கன்குடியில் வைப்பாற்றோடு சேர்கிறது. ஆடி வெள்ளிக்கு மாரியம்மன் கோயிலுக்குப் போகும்போது நாம் மிதிக்கிற அந்த மணல் வந்த வழி அன்றைக்கு எனக்குப் புரிந்தது.

திரும்பும்போது தைக்காற்று எதிரே. காலையில் முதுகைத் தள்ளிய அதே வாடைக்காற்று சாயங்காலம் நெஞ்சில் கை வைத்துத் தடுத்தது. பசங்க பாதிப் பேர் இறங்கித் தள்ளினோம். மாணவிகள் 7 பேரும் ஒருத்தி பின்னால் ஒருத்தியாக வரிசை கட்டி, முன்னால் இருப்பவள் காற்றை வாங்க, முறை மாற்றி மாற்றி ஓட்டினார்கள். எங்களுக்கு முன்னால் சிவகாசி போய்ச் சேர்ந்து டீயும் குடித்துவிட்டார்கள்.

இனி கமிட்டிக்கு வருகிறேன். இதையே நம் மன்றத்தின் ஆண்டுச் சுற்றுலாவாக வைத்தால் என்ன என்று கேட்டபோது வந்த பதில்கள் மூன்று.

"லேடீஸை எப்படிக் கூட்டிட்டுப் போறது?" மேலே சொன்னதைப் படியுங்கள். போதாது என்றால் புதுக்கோட்டையைப் பாருங்கள். 1990-களின் தொடக்கத்தில் அறிவொளி இயக்கம் வந்தபோது, அங்கே கிராமத்துப் பெண்கள் ஆயிரக்கணக்கில் சைக்கிள் கற்றுக்கொண்டார்கள். நம் அம்மாக்கள் வயதுப் பெண்கள், பாட்டி வயதுப் பெண்களும் உண்டு. இத்தனை வருடம் கழித்துப் பாலிடெக்னிக் படிக்கிற பெண்களை எப்படிக் கூட்டிப் போவது என்று நாம் யோசிக்கிறோம்.

"ரோட்டில் லாரி வருமே?" வரும். இந்தப் பயம் நியாயமானது, நான் மறுக்கவில்லை. அதற்குத்தான் கிராமத்து ரோடு. விடியற்காலையில் கிளம்ப வேண்டும், ஒற்றை வரிசையில் போக வேண்டும், முன்னால் ஒருவர் பின்னால் ஒருவர் சிவப்புத் துணியோடு வரவேண்டும். மெயின் ரோட்டைக் கடக்கும் இடங்களில் இறங்கித் தள்ள வேண்டும். ஆடி மாதம் மட்டும் கூடாது, மேல்காற்றில் போகும்போதே நாக்குத் தள்ளிவிடும்.

"சைக்கிளில் போனால் அது டூரா, கௌரவமா இருக்குமா?" இதற்குத்தான் எனக்குக் கோபம் வந்தது. நீலகிரியில் 2008-லிருந்து 'டூர் ஆஃப் நீல்கிரிஸ்' என்று ஒரு சைக்கிள் பயணம் நடக்கிறது. பெரிய பெரிய வேலையில் இருப்பவர்கள் லீவு போட்டு, பணம் கட்டி, ஒரு வாரம் மலையில் மிதிக்கிறார்கள். அவர்கள் மிதித்தால் சாகசம், நாம் மிதித்தால் வசதி இல்லாதவன் என்று அர்த்தமா?

ஒன்றில் மட்டும் நான் கமிட்டியோடு சண்டை போடத் தயார். வழிகாட்டியாக வருகிறவர் அந்தந்த ஊர்க்காரராக இருக்க வேண்டும், அவருக்குச் சம்பளம் கொடுக்க வேண்டும். எங்கள் பயணத்தில் ஆளுக்கு 150 ரூபாய் வசூலித்தோம். கூழ், மதியச் சாப்பாடு, அண்ணாச்சிக்கு ஒரு நாள் கூலி, பளியர் பெரியவருக்கு அரை நாள் கூலி எல்லாம் அதில் அடக்கம். "தெரிஞ்சவர்தானே, சும்மா வரமாட்டாரா?" என்று ஒருவர் கேட்டார். தெரிந்தவர்தான். அன்றைக்கு அவர் கடை பூட்டிக் கிடந்தது. ஊட்டியில் படகுக்காரருக்குக் கேட்ட காசைக் கொடுக்கிற நாம், நம்ம ஊர் ஆளிடம் மட்டும் ஏன் பேரம் பேசுகிறோம்?

படம் எடுப்பதிலும் ஒரு கட்டுப்பாடு வேண்டும். ஒரு நண்பன் எங்கள் தெருவில் குழாய் உருட்டி முடித்து வந்த பெண்ணின் கையைப் படம் எடுக்கப் போனான். அலுமினியப் பொடி ஏறி வெள்ளி மாதிரி மின்னிய கை. அண்ணாச்சி அவன் தோளைத் தொட்டு, "தாயிகிட்டக் கேட்டுட்டு எடுய்யா" என்றார். கேட்டான். அந்த அக்கா, "கைய வேணாம்யா, மூஞ்சியோட எடு" என்று பிள்ளையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றார். அந்தப் படம் பிரிண்ட் போட்டு அவர் வீட்டில் கொடுக்கப்பட்டுவிட்டது.

அடுத்த தை இரண்டாம் சனிக்கிழமைக்கு அண்ணாச்சியிடம் பேசி வைத்திருக்கிறேன். இந்தத் தடவை வத்திராயிருப்பு வழியாகப் பிளவக்கல் அணை வரைக்கும் போகலாம் என்கிறார். பஞ்சர் சொல்யூஷன், பம்பு, ஸ்பேனர் செட் எங்கள் மெக்கானிக்கல் பிரிவு கொண்டுவரும். சைக்கிள் இல்லாதவர்கள் பொங்கலுக்கு முன்னாலேயே சொன்னால் வாடகைக்கு ஏற்பாடு செய்யலாம். ரூட்டில் யார் யார் ஊர் வருகிறதோ அவர்கள் எழுந்து கை தூக்குங்கள், கூழுக்கு உங்கள் வீட்டில்தான் சொல்ல வேண்டும்.