விளக்கம் கேட்டாச்சு, விசாரணை எங்கே?

ஊராட்சித் தலைவர் நீக்கம் என்று பேச்செடுத்தாலே நம்ம தோழர்களிடமே ஒரு தயக்கத்தைப் பார்க்கிறேன். 'பணத்துல கைவச்சுட்டாருன்னு சொல்றாங்களே தோழர், நாம போய் நின்னா நல்லாவா இருக்கும்?' என்கிறார்கள். நிற்கவேண்டும் என்கிறேன். யோக்கியர் என்று சான்றிதழ் கொடுக்க அல்ல. விசாரித்தீர்களா என்று கேட்க.

1997 ஜூன் 30இல் மேலவளவு ஊராட்சித் தலைவர் முருகேசனையும் உடன் வந்தவர்களையும் வெட்டிக் கொன்றார்கள். பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலத்தில் 1996 தொடங்கிப் பத்தாண்டு காலம் தனி ஊராட்சித் தலைவர் நாற்காலியில் நம் ஆள் உட்கார விடவில்லை. அரிவாள் நம் கண்ணுக்குத் தெரிகிறது. காகிதம் தெரிவதில்லை.

காகிதம் வேலை செய்கிற விதத்தைப் பாருங்கள். 1994ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், 188ஆம் பிரிவுப்படி செக்கில் தலைவரும் துணைத்தலைவரும் சேர்ந்து கையெழுத்துப் போடவேண்டும். தலைவர் பதவி நமக்கு ஒதுக்கப்பட்டிருக்கும். துணைத்தலைவரைத் தேர்ந்தெடுப்பது வார்டு உறுப்பினர்கள். ஊர்த்தெருக்காரர்கள் அதிகமிருக்கும் மன்றத்தில் அந்தப் பதவி யாருக்குப் போகும் என்று சொல்லவேண்டியதில்லை. அவர் கையெழுத்தை நிறுத்திவிட்டால் மோட்டார் ரிப்பேர் ஆகாது, தெருவிளக்கு எரியாது. மூணு மாசம் கழிச்சு அதே ஆளே மனு எழுதுவார்: தலைவி வேலை செய்யவில்லை!

மன்ற உறுப்பினர்களில் மூன்றில் இரண்டு பங்கினர் கையெழுத்திட்டால் 205ஆம் பிரிவு கிளம்பிவிடும். ஆட்சியர் தாமாகவும் தொடங்கலாம். நோட்டீஸ், எழுத்தில் விளக்கம், அது திருப்தியில்லை என்றால் தாசில்தார் கூட்டும் மன்றக் கூட்டம், அங்கே கருத்துப் பதிவு, பிறகு ஆட்சியரின் முடிவு. புகார் எழுதினவங்களே கூட்டத்தில் உட்கார்ந்து கருத்தும் சொல்றாங்க. நோட்டீஸ் கொடுத்தவரே தீர்ப்பும் எழுதுகிறார். இதற்கிடையில் 203ஆம் பிரிவின் அவசர அதிகாரத்தைக் காட்டிச் செக் அதிகாரத்தைப் பிடுங்கிவிடுவதும் உண்டு. குடிநீர் வரலைன்னு சேரி ஆண்டுக்கணக்கில் கத்தினபோது அந்த அவசரம் எங்கே போச்சோ!

ஒரு தலைவிக்கு விளக்கம் எழுத உடனிருந்தேன். எட்டுக் குற்றச்சாட்டு. ஆதாரம் ஒரு தணிக்கைக் குறிப்பு. அதன் நகலை நோட்டீசோடு வைக்கவில்லை. போய்க் கேட்டால், 'நீங்க கையெழுத்துப் போட்ட கணக்குதானேம்மா, உங்களுக்குத் தெரியாதா?' என்றார்கள். ரொக்கப் பதிவேடு அவர் கையில் ஒருநாளும் இருந்ததில்லை. பார்க்காத தாளுக்கு என்ன விளக்கம் எழுதுவது?

ஒரு அரசு ஊழியரை நீக்கவேண்டுமானால் அரசியல் சட்டத்தின் 311ஆம் உறுப்பு விசாரணை கேட்கிறது. மக்கள் ஓட்டுப் போட்டு உட்காரவைத்த ஆளுக்கு ஒரு நோட்டீஸ் போதுமாம். ராய்கட் மாவட்டத்து நகராட்சித் தலைவர் ஒருவர் வழக்கில் 2012இல் உச்சநீதிமன்றம் இதைக் கண்டித்தது. காரணம் சொல்லாத நீக்க உத்தரவை ரத்து செய்து, நீக்கம் பதவியில் இருப்பவரை மட்டுமல்ல, தேர்ந்தெடுத்த மக்களையும் பாதிக்கிறது என்றது. 2024 நவம்பரில் சத்தீஸ்கரின் ஜஷ்பூர் மாவட்டத்தில், கட்டுமான வேலை தாமதம் என்று நீக்கப்பட்ட 27 வயதுப் பெண் தலைவருக்குப் பதவியைத் திருப்பித் தந்து, மாநில அரசு ஒரு லட்சம் ரூபாய் கொடுக்க வேண்டும் என்றும் உத்தரவிட்டது. சந்தோஷம்தான். ஆனால் டெல்லிவரை போக வண்டிச்சத்தம் யார் தருவது? ஐந்தாண்டுப் பதவியில் வழக்கு நடக்கிற காலத்தை யார் திருப்பித் தருவது?

நம்மாளு திருடினால் நீக்கட்டும், சேரிப் பணமும் அதில்தான் இருக்கிறது. ஆனால் குற்றச்சாட்டோடு ஆவண நகலும் தரவேண்டும். புகார்காரரைக் குறுக்குக் கேள்வி கேட்க விடவேண்டும். செக்கில் கையெழுத்துப் போட மறுத்தது யார் என்பதையும் சேர்த்து விசாரிக்கவேண்டும். விசாரிப்பவர் நோட்டீஸ் கொடுத்தவராக இருக்கக் கூடாது. இதற்காக 205ஐத் திருத்தக் கேட்பது ஒருபக்கம் நடக்கட்டும்.

அதுவரை, சட்டம் படிக்கிற மாணவத் தோழர்களே, நோட்டீஸ் வந்த ஊருக்கு அன்றைக்கே போங்கள். கண்டனப் போஸ்டர் அப்புறம் அடிக்கலாம். முதலில் நகல் கேட்டு மனு எழுதிக்கொடுத்து, ஒப்புகைச் சீட்டை வாங்கி வையுங்கள். விளக்கத்துக்குக் கொடுத்த கெடு ஓடிக்கொண்டிருக்கும்.