கிரேட் நிகோபார்: பாதுகாப்புக்கு எவ்வளவு, வணிகத்துக்கு எவ்வளவு?

கிரேட் நிகோபார் தீவில் உள்ள, இந்தியாவின் தென்கோடியான இந்திரா முனையிலிருந்து சுமத்ரா 200 கிலோமீட்டர்கூட இல்லை. நடுவே உள்ள ஆறு டிகிரி கால்வாய் வழியாகத்தான் மலாக்கா நீரிணை நோக்கிச் சரக்குக் கப்பல்கள் வரிசைகட்டிப் போகின்றன. இங்கே நம் கடற்படை வலுவாக இருக்க வேண்டும் என்பதில் இரண்டு கருத்து இல்லை. ஆனால், அந்த ஒரு நியாயத்தைக் காட்டி கிரேட் நிகோபாரில் எதை வேண்டுமானாலும் கட்டலாம் என்று எழுதுவதை ஏற்க முடியாது.

கடற்படைக்காகப் பத்திரிகைகள் குரல் கொடுப்பது புதிதல்ல. 1884இல் லண்டனின் 'பால் மால் கெசட்' இதழில் ஆசிரியர் டபிள்யூ.டி. ஸ்டெட் பிரிட்டிஷ் கடற்படையின் பலவீனங்களை அடுக்கினார். அவருக்குத் தகவல் தந்தவர்களில் ஒருவர், பின்னாளில் அந்தக் கடற்படைக்கே தலைவரான ஜான் ஃபிஷர். நாடே பரபரத்தது, சில மாதங்களில் அரசு கூடுதல் நிதி ஒதுக்கியது. ஜெர்மனியில் 1898இல் தொடங்கிய கடற்படைச் சங்கம் 'டி ஃப்ளோட்டே' என்ற இதழை வீடுவீடாகக் கொண்டுசேர்த்தது. சங்கத்தின் பின்னால் எஃகு ஆலை அதிபர் க்ருப்பின் பணம் இருந்தது. முதல் செயலாளரோ க்ருப்பின் நாளேட்டு ஆசிரியர். போர்க்கப்பல்களுக்குக் கவசத் தகடு விற்றதும் அதே க்ருப்தான். தேசப்பற்று எங்கே முடிகிறது, வியாபாரம் எங்கே தொடங்குகிறது என்பது வாசகருக்குத் தெரியவில்லை.

தமிழ்நாட்டில் வேறொரு முன்னுதாரணம் உண்டு. 1906இல் வ.உ.சி. தூத்துக்குடியில் சுதேசிக் கப்பல் கம்பெனியைத் தொடங்கியபோது, பாரதியின் 'இந்தியா' வார இதழ் அதற்குத் துணை நின்றது. அதுவும் கடலுக்கான பிரச்சாரம்தான். ஆனால், கம்பெனி யாருடையது, பங்கு என்ன விலை, போட்டி யாரோடு என்பதெல்லாம் வெட்டவெளிச்சம். 25 ரூபாய் கொடுத்துப் பங்கு வாங்கியவருக்குத் தன் பணம் எங்கே போகிறது என்று தெரிந்திருந்தது.

அந்தமானுக்காக வாதாடியவர்களில் முக்கியமானவர் வரலாற்றாசிரியர் கே.எம். பணிக்கர். 1942இல் ஜப்பான் இந்தத் தீவுகளைப் பிடித்ததைப் பார்த்த தலைமுறையைச் சேர்ந்தவர் அவர். இந்தியாவின் பாதுகாப்பு இந்தியப் பெருங்கடலில் இருக்கிறது என்று 1945இல் நூலே எழுதினார். அவர் வாதம் வீண்போகவில்லை. 1964இல் போர்ட் பிளேரில் ஐ.என்.எஸ். ஜராவா வந்தது. 2001இல் முப்படைகளையும் ஒரே தலைமையின் கீழ் கொண்டுவந்த கூட்டுக் கட்டளையகம் அமைந்தது. 2012இல் கிரேட் நிகோபாரின் காம்ப்பெல் பே பகுதியிலேயே ஐ.என்.எஸ். பாஸ் விமானத் தளம் திறக்கப்பட்டது. இவற்றில் எதற்கும் பக்கத்தில் பெருநகரம் ஒன்றை எழுப்ப வேண்டியிருக்கவில்லை.

கிரேட் நிகோபாருக்கான அரசின் இப்போதைய திட்டம் வேறு ரகம். சரக்குப் பெட்டக மாற்றுத் துறைமுகம், சர்வதேச விமான நிலையம், மின் நிலையம், நகரியம் என எல்லாம் ஒரே பொட்டலம். 2022 நவம்பரில் சுற்றுச்சூழல் அனுமதி கிடைத்தது. சுமார் 130 சதுர கிலோமீட்டர் காடு போகும். 2011 கணக்கெடுப்பில் சுமார் எட்டாயிரம் பேர் இருந்த தீவில், சில பத்தாண்டுகளில் மூன்று லட்சத்துக்கும் மேற்பட்டோர் வாழ்வார்கள் என்கிறது திட்டம். விமான நிலையத்தைக் கடற்படையும் பயன்படுத்தும். அது பாதுகாப்பு, சரி. நகரியமும் பெட்டக வணிகமும் எந்தப் பாதுகாப்பில் சேரும்? சுற்றுச்சூழல் அனுமதியை மறுஆய்வு செய்யத் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் அமைத்த உயர்நிலைக் குழுவின் அறிக்கையைக் கேட்டபோதும் அரசுத் தரப்பில் பாதுகாப்பைச் சொல்லியே மறுத்தார்கள்.

துறைமுகம் வரவிருக்கும் கலாத்தியா விரிகுடா மணலில்தான், கடலாமைகளிலேயே பெரியதான, முதுகில் ஏழு வரி ஓடும் ஏழுவரி ஆமை இரவில் கரையேறி, பின்துடுப்புகளால் குழி தோண்டி முட்டையிடுகிறது. 2021இல் அந்த விரிகுடாவின் வனவிலங்குச் சரணாலய அந்தஸ்து நீக்கப்பட்டது. 2004 ஆழிப்பேரலையின்போது இந்தத் தென்கரை சில மீட்டர் தாழ்ந்துபோனது. இந்திரா முனைக் கலங்கரை விளக்கத்தின் அடியைக் கடல் சூழ்ந்துகொண்டது. இப்படிப்பட்ட மண்ணில் பெருநகரம் எழுப்புவதன் அபாயத்தைக் கேட்பது நாட்டுக்கு எதிரான கேள்வி அல்ல.

நிகோபார் பற்றித் தமிழில் எழுதுவோர் ராஜேந்திர சோழனின் மெய்க்கீர்த்தியில் வரும் மாநக்கவாரம் என்ற அதன் பழம்பெயரிலிருந்து தொடங்குவது வழக்கம். பெருமைப்பட வேண்டிய வரலாறுதான். ஆனால், 1969 முதல் இங்கே குடியமர்த்தப்பட்ட முன்னாள் ராணுவத்தினர் குடும்பங்களில் தமிழ்க் குடும்பங்களும் உண்டு. அவர்களின் நிலம் என்னவாகும் என்று எத்தனை தமிழ்க் கட்டுரைகள் கேட்டன? இத்தீவின் பழங்குடிகளான ஷொம்பென் மக்கள் 2011 கணக்குப்படி 229 பேர்தான். பேரலையில் ஊரிழந்த நிகோபாரியர் ராஜீவ் நகரிலும் நியூ சிங்கென்னிலும் இருந்தபடி, தங்கள் பூர்வீகக் கிராமங்களுக்குத் திரும்ப அனுமதி கேட்டு வருகிறார்கள். திட்டத்துக்கு முதலில் ஒப்புதல் தந்த அவர்களின் பழங்குடிக் குழு, 2022 நவம்பரில் அதைத் திரும்பப் பெற்றது.

ஆகவே, அரசு இந்தப் பொட்டலத்தைப் பிரித்துக் காட்ட வேண்டும். கடற்படைக்குத் தேவையான ஓடுதளம், இறங்குதுறை, கண்காணிப்பு வசதி எவை, அவற்றின் செலவு என்ன என்று நாடாளுமன்றத்தில் தனியாகச் சொல்லட்டும். ராணுவ ரகசியம் நீங்கலாக உயர்நிலைக் குழு அறிக்கையை வெளியிடட்டும். வணிகப் பகுதி தன் லாப நட்டக் கணக்கோடும் பழங்குடிக் குழுவின் சம்மதத்தோடும் தனியாக வரட்டும். அதுவரை, 'பாதுகாப்பு' என்ற சொல்லை நகரியத்துக்கும் சேர்த்து எழுதும் ஒவ்வொரு கட்டுரையிடமும் பத்திரிகை ஆசிரியர்கள் அதற்கான ஆதாரத்தைக் கேட்க வேண்டும்.