முன்னறிவிப்பு இல்லாமல் தாமதக் கட்டணம் வாங்கக் கூடாது: ஆர்.சி. புதுப்பிப்பு குறித்து எங்கள் சங்கத்தின் நிலைப்பாடு

சொந்த உபயோகத்துக்கான பைக், கார் எதுவானாலும் பதிவுச் சான்று (ஆர்.சி.) பதினைந்து ஆண்டுகளுக்குச் செல்லும்; அதன் பிறகு ஐந்தைந்து ஆண்டுகளாகப் புதுப்பிக்க வேண்டும். 1988-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் சொல்வது இது. இதில் எங்கள் சங்கத்துக்கு மறுப்பில்லை. பதினைந்து வயதான வண்டியை ஒரு பிரேக் இன்ஸ்பெக்டர் ஓட்டிப் பார்த்துவிட்டு ‘போகலாம்’ என்று சொல்வது, ஓட்டுகிறவருக்கும் எதிரே வருகிறவருக்கும் நல்லதுதான்.

நாங்கள் மறுப்பது வேறொன்றை. காலம் முடியப்போகிறது என்று ஒரு வரி சொல்லாமல் இருந்துவிட்டு, பிறகு மாதக் கணக்கில் தாமதக் கட்டணம் கேட்பதை.

2022 ஏப்ரல் 1 முதல் நடப்பிலுள்ள மத்திய விதிகளின் கட்டண அட்டவணைப்படி, ஆர்.சி.யைப் புதுப்பிக்க பைக்குக்கு 1,000 ரூபாய், காருக்கு 5,000 ரூபாய். தாமதமானால் பைக்குக்கு மாதம் 300, காருக்கு மாதம் 500 சேரும். 2008 ஜூனில் பதிவான ஒரு மொபெட்டை எடுத்துக்கொள்வோம். அதன் ஆர்.சி. 2023 ஜூனோடு முடிந்தது. உரிமையாளருக்கு விஷயம் தெரியவருவது 2025 டிசம்பரில், அதுவும் வண்டியை விற்கப் போகும்போது. முப்பது மாதத் தாமதத்துக்கு 9,000 ரூபாய். புதுப்பிப்பதற்கான கட்டணத்தைப் போல ஒன்பது மடங்கு! பழைய வண்டி வாங்குகிற கடையில் அந்த மொபெட்டுக்கே அவ்வளவு தருவார்களா என்பது சந்தேகம். இருபது வயதைக் கடந்த வண்டிகளுக்கு 2025 ஆகஸ்டில் அடிப்படைக் கட்டணமும் ஏறிவிட்டது: பைக்குக்கு 2,000, காருக்கு 10,000.

பதினைந்து வருடத்துக்கு ஒரு தரம் வரும் தேதியை நினைவில் வைத்திருக்க வேண்டியது வண்டிக்காரரின் பொறுப்புதானே என்று கேட்கலாம். பொறுப்புதான். ஆனால் அந்தத் தேதி எங்கே இருக்கிறது என்று பாருங்கள். பழைய ஆர்.சி. புக்கில் சேசிஸ் நம்பர், இன்ஜின் நம்பர், சி.சி., எடை என்று வரிசையாகப் போகும் பொடி எழுத்துகளுக்கு நடுவே ஒரு வரி. அந்தப் புத்தகம் பீரோவில் இருக்கும். சீட்டுக்கு அடியில் இருப்பது எழுத்து மங்கிய ஜெராக்ஸ். இன்சூரன்ஸ் முடிவதற்கு ஒரு மாதம் முன்பே போன் மேல் போன் வருகிறது. அதைக் கட்டிவிட்டால் வண்டியின் காகிதங்கள் எல்லாம் சரியாக இருப்பதாகவே பலரும் நினைக்கிறார்கள்.

அறிவிப்பு அனுப்ப நினைத்தாலும் யாருக்குப் போகும் என்பது அடுத்த சிக்கல். பெயர் மாற்றாமலேயே கைமாறிய வண்டிகள் ஏராளம். முன்னாள் உரிமையாளர் கையெழுத்து மட்டும் போட்டுக் கொடுத்த 29, 30-ஆம் படிவங்கள் வாங்கியவர் வீட்டு அலமாரியில் பழுப்பேறிக் கிடக்கும். முகவரி மாறினால் முப்பது நாளுக்குள் தெரிவிக்க வேண்டும் என்று சட்டம் இருந்தாலும், வாடகை வீடு மாறும்போது கேஸ் இணைப்பை மாற்றுகிறவர்கள் ஆர்.சி.யை மாற்றுவதில்லை. இதில் எங்கள் உறுப்பினர்கள் பக்கமும் தப்பு உண்டு. அதை மறைத்துப் பேச வேண்டியதில்லை.

ஆனால் ‘ஆளைப் பிடிக்க முடியவில்லை’ என்று அரசு சொல்வதை மட்டும் ஏற்க முடியாது. ஹெல்மெட் போடாமல் போனால் இ-சலான் எஸ்.எம்.எஸ்.ஸில் வந்துவிடுகிறதே! புகைப் பரிசோதனைச் சான்றுக்கு நாடு முழுவதும் ஒரே படிவம் என்று 2021-இல் கொண்டுவந்தபோது, உரிமையாளரின் கைபேசி எண்ணைக் கட்டாயமாக்கினார்கள். சான்று வாங்கும் ஒவ்வொரு தடவையும் வண்டியை இப்போது வைத்திருப்பவரின் எண் அரசின் கணினிக்குப் போகிறது. பணம் வாங்க உதவுகிற கணினி, தேதியை நினைவூட்டவும் உதவட்டும்.

ஆர்.சி. காலாவதியாவதன் விளைவு தாமதக் கட்டணத்தோடு நிற்பதில்லை. பதிவு இல்லாத வண்டியைச் சாலையில் ஓட்டினால் முதல் தடவையே 5,000 ரூபாய் வரை அபராதம் விதிக்கச் சட்டத்தில் இடமுண்டு. தற்காலிகப் பதிவு காலாவதியான வண்டிகள் தொடர்பாக 2014-இலும் 2021-இலும் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்புகளில், செல்லுபடியாகும் பதிவு இல்லாததால் இன்சூரன்ஸ் இழப்பீடு மறுக்கப்பட்டது சரி என்றாகிவிட்டது. பிரீமியம் ஒழுங்காகக் கட்டிய ஒருவர், தெரியாமல் போன ஒரு தேதிக்காக வண்டியின் முழு மதிப்பையும் இழக்கக்கூடும்.

பிரிட்டனில் வாகன வரிக்கு நினைவூட்டுக் கடிதம் வருகிறது. அது தொலைந்துவிட்டால் வாகனப் பதிவுப் புத்தகத்தில் உள்ள எண்ணைக் கொடுத்து வரி கட்டலாம். கலிபோர்னியாவில் புதுப்பிப்பு அறிவிப்பைத் தொலைத்தவர், நம்பர் பிளேட் எண்ணையும் சேசிஸ் நம்பரின் கடைசி ஐந்து இலக்கங்களையும் கொடுத்து இணையத்திலேயே வேலையை முடிக்கிறார். அங்கேயும் தாமதத்துக்கு அபராதம் இல்லாமல் இல்லை. ஆனால் முதலில் அறிவிப்பு அனுப்புகிறார்கள். காகிதம் தொலைந்தது என்பதற்காக யாரையும் அலைய விடுவதில்லை.

ஆகவே மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகத்திடமும் மாநிலப் போக்குவரத்துத் துறையிடமும் நாங்கள் கேட்பது இதுதான். புதுப்பிக்க விண்ணப்பிப்பதற்கான காலம் ஆர்.சி. முடிவதற்கு அறுபது நாள் முன்பு தொடங்குகிறது. அந்த நாளிலேயே எஸ்.எம்.எஸ்.ஸும், பதிவிலுள்ள முகவரிக்குத் தபாலும் போக வேண்டும். அனுப்பியதற்குப் பதிவு இல்லையென்றால் தாமதக் கட்டணம் கேட்கக் கூடாது. அனுப்பியிருந்தாலும், அந்தக் கட்டணம் புதுப்பிப்புக் கட்டணத்தைத் தாண்டக் கூடாது. வந்த அறிவிப்பைத் தொலைத்தவர், அழித்துவிட்டவர், கண்ணிலேயே படாதவர் என்ற பேதம் வேண்டாம்; வண்டி எண்ணும் சேசிஸ் நம்பரும் போதும். இன்சூரன்ஸ் பாலிசியிலும் புகைச் சான்றிலும் ஆர்.சி. முடியும் தேதியைக் கொட்டை எழுத்தில் அச்சிடச் சொன்னால் பாதிச் சிக்கல் தீரும். அதற்குப் பெரிய செலவும் இல்லை.

தாமதக் கட்டணத்தையே அடியோடு எடுத்துவிடக் கோர வேண்டும் என்று உறுப்பினர்களில் ஒரு சாரார் வாதாடினார்கள். சங்கம் அதை ஏற்கவில்லை. அறிவிப்பு கையில் கிடைத்தும் வருடக் கணக்கில் சும்மா இருப்பவரிடம் வாங்கட்டும். அதற்காக நாங்கள் கொடி பிடிக்கப் போவதில்லை.

விதி மாறும்வரை காத்திருக்க வேண்டாம். எம்பரிவாகன் செயலியில் வண்டி எண்ணைப் போட்டுப் பதிவு எதுவரை என்று இன்றே பாருங்கள். முடிந்திருந்தால் பரிவாகன் தளத்தில் 25-ஆம் படிவத்தில் விண்ணப்பித்து, நடப்பு இன்சூரன்ஸ், புகைச் சான்று, பசுமை வரி ரசீதுடன் வண்டியை ஆர்.டி.ஓ. அலுவலகத்துக்குக் கொண்டுபோக வேண்டும். சேசிஸ் நம்பரைத் தாளில் பென்சிலால் தேய்த்து எடுத்து ஒட்டச் சொல்வார்கள். பைக்கில் அது பெரும்பாலும் ஹேண்டில்பாருக்குக் கீழே, கழுத்துப் பகுதியில் இருக்கும். பதினைந்து வருட அழுக்கையும் துருவையும் மண்ணெண்ணெய்த் துணியால் துடைத்துவிட்டுத் தேய்த்தால்தான் எழுத்து விழும். இதை வீட்டிலேயே செய்துகொண்டு போனால், அலுவலக வாசலில் அந்த ஒரு வேலைக்காக புரோக்கரிடம் கொடுக்கும் பணம் மிச்சம்.