அரிவாள்மனை கறிகாய்க்கே இருக்கட்டும்!

இஸ்திரிப் பெட்டியின் ஒயர் நைந்து போனால் வெட்டுவதற்கு எதைத் தேடுவீர்கள், சகோதரி? நான் அரிவாள்மனையைத்தான் தேடினேன். ஒயர் பாதிதான் அறுபட்டது. கட்டைவிரல் நன்றாகவே அறுபட்டது! அன்று மாலையே ஒரு சைடு கட்டர் வாங்கி வந்தேன். சாய்ந்த அலகுள்ள குறடு அது. ஒயரை ஒட்ட நறுக்கும்.

கடையில் கூச்சப்படாமல் சோதித்துப் பாருங்கள். அலகை மூடி வெளிச்சத்துக்கு நேரே பிடியுங்கள். நுனியில் வெளிச்சம் கசிந்தால் வேண்டாம். நுனியால் மெல்லிய காகிதத்தை வெட்டினால் கிழியாமல் துண்டாக வேண்டும். நடு ஆணி லொடலொடக்கக் கூடாது. வீட்டுக்கு 6 அங்குலம் போதும்.

இரும்பு ஆணியை வெட்டினால் அலகில் பல் விழும். செம்புக் கம்பிக்கென்றே வைத்துக் கொள்ளுங்கள்.

முக்கியமான விஷயம் ஒன்று. பிளாஸ்டிக் கைப்பிடி என்பதாலேயே ஷாக் அடிக்காது என்று நம்பிவிடாதீர்கள். இரட்டை முக்கோணக் குறியும் 1000 வோல்ட் என்ற எழுத்தும் உள்ளதுதான் மின்காப்புக்கென்று செய்தது. அதுவே கையில் இருந்தாலும், பிளக்கைப் பிடுங்கிய பிறகே ஒயரைத் தொடுங்கள்; சுவர் ஒயரானால் மெயினை அணைத்துவிடுங்கள். துணுக்கு கண்ணில் தெறிக்கும். குழந்தைகள் தள்ளியே நிற்கட்டும்.

இது என் கட்டைவிரல் தழும்பு செய்யும் சிபாரிசு!